பெயர் மாற்றிய கல்வெட்டு

என் அக்காவின் புருஷன் சிவசுப்பிரமணியம் அத்தான் மூன்று தடித்த புத்தகங்கள் எழுதியவர். ஒன்று சரித்திரம், ஒன்று இலக்கியம், மூன்றாவது, மனிதர் அழுவதைப் பற்றி. அக்கா செத்த அன்று அவர் கண்ணில் ஒரு சொட்டு வரவில்லை. வந்தவர்களுக்குக் கதிரை எடுத்துப் போட்டுக்கொண்டு நின்றார்.

அந்த மூன்றாவது புத்தகத்தில் கல்வெட்டுகளைக் கிழிகிழியென்று கிழித்திருக்கிறார். கல்வெட்டு என்றால் கல்லில் வெட்டுவதல்ல; செத்த முப்பத்தோராம் நாள், அந்தியேட்டியன்று அச்சடித்துக் கொடுத்து, சபையில் வாசிக்கிற புலம்பல் பாட்டுப் புத்தகம். ‘பெயரை மாற்றினால் எந்தப் பிணத்துக்கும் பொருந்தும் கண்ணீர்’ என்று எழுதினார். கொழும்பில்கூடக் கைதட்டினார்கள்.

அதனால்தான் அக்காவின் கல்வெட்டை அவரே எழுத வேண்டுமென்று பிடிவாதமாக நின்றேன். அந்தப் புத்தகங்களுக்கெல்லாம் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தவள் அவள். இங்கே பாரும் என்கிற மாதிரி அவர் “இஞ்சேரும்” என்றால் போதும், குசினி அடுப்பை விட்டு ஓடி வருவாள். அவளை அவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் ஒருநாளும் கேட்டதில்லை. மூன்று புத்தகத்தின் நன்றியுரையிலும் தேடினேன், பத்மாவதி என்ற அவள் பெயர் இல்லை.

“நாலு வரி எழுதித் தாங்கோ அத்தான். அவவுக்கு வேறை என்ன செய்தனீங்கள்?”

“ஓம், எழுதுவம்.”

பன்னிரண்டு பக்கம் எழுதித் தந்தார். யாழ்ப்பாணத்தில் புலம்பல் பாட்டின் வரலாறு, அடிக்குறிப்புகளோடு.

“உதிலை அக்கா எங்கை?”

தாள்களை வாங்கி ஒவ்வொன்றாகப் புரட்டினார். உண்மையாகவே தேடினார்.

“காணேல்லை, கலா” என்றார்.

கோபத்தோடு சுன்னாகத்து அச்சகத்துக்குப் போனேன். அங்கே ஆயத்தமாக இருந்த பாட்டில் அக்காவின் பெயரைப் போட்டு வாங்கி வந்தேன். அவர் வாயாலேயே வாசிக்கட்டும், வாசித்து வெட்கப்படட்டும் என்று நினைத்தேன்.

அந்தியேட்டியன்று பந்தலுக்குள் வைத்து அதை அவர் கையில் கொடுத்தேன். கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, வகுப்பெடுக்கிற குரலில் தொடங்கினார்.

“வீட்டின் விளக்கே, விழிநீர் பாராமல் எங்கே போனாய்...”

அடுத்தது பெயர். நின்றுவிட்டார். முதலிலிருந்து தொடங்கினார், அதே இடத்தில் திரும்பவும் நின்றார். வாய் திறந்தது, பெயர் வரவில்லை. எனக்கு அந்தக் கல்வெட்டைப் பறித்துவிட வேண்டும் போலிருந்தது.

அவர் அதை மடியில் வைத்துவிட்டுக் குசினிப் பக்கம் திரும்பினார்.

“இஞ்சேரும்” என்றார்.

தண்ணீர் கேட்கிறார் என்று நினைத்து, பக்கத்து வீட்டுத் தர்சிகா செம்போடு ஓடி வந்தாள். அவர் அவள் முகத்தைப் பார்த்தார். பிறகுதான் அழுதார்.