வேஷம் கலைக்கும் படம்

ஏர்பேட்டிலிருந்து பெண் வீட்டார் மறுநாள் வருவதாகத் தகவல் வந்ததும், தான் எடுத்த குறும்படத்தை வீட்டில் காட்டிவிடுவது என்று பவன்குமார் முடிவுசெய்தான். வாயால் சொல்ல இத்தனை வருஷமாக வரவில்லை. செல்போன் கம்பெனி வேலைக்குப் போய்ச் சம்பளம் வாங்கியும் வரவில்லை. நைனாவின் போனில் படத்தை ஏற்றிக் கொடுத்தான்.

படத்தில் பேச்சே கிடையாது. திருப்பதியில் அவன் தங்கும் அறை, ஒரு கண்ணாடி, அவன். கழுத்திலிருக்கும் கம்பெனி அட்டையைக் கழற்றுகிறான். பிறகு கைக்கடிகாரம், சட்டை, பேன்ட். கூத்து முடிந்து அரிதாரம் கலைப்பவனின் அலுப்பு அவன் கைகளில். கடைசியில் நீலப் புடவையும் மையிட்ட கண்களுமாக உட்கார்ந்து நம்மையே பார்க்கிறான், நெடுநேரம். சட்டைதான் வேஷம் என்று இதற்குமேல் எப்படிச் சொல்வது?

ஒன்றை மட்டும் அவன் யோசிக்கவில்லை. ஆண்பிள்ளை புடவை வாங்கினால் யாரும் ஏனென்று கேட்காதது திருப்பதி கங்கம்மா ஜாத்திரையின்போது மட்டும்தான். வேண்டிக்கொண்ட ஆண்களெல்லாம் பெண் வேஷம் கட்டித் தெருவில் போவார்கள். அந்த நாட்களில்தான் படத்தை எடுத்தான். ஜன்னலுக்கு வெளியே பம்பைச் சத்தம்கூடப் பதிந்திருந்தது.

படம் முடிந்தது. அம்மா செங்கம்மாவின் கண்கள் நிறைந்தன. புரிந்துவிட்டது என்று நினைத்தான்.

"சின்னதுல உனக்கு அம்மை போட்டப்போ வேண்டிக்கினேன்டா கண்ணு. நானே மறந்துட்டேன். நீ தீத்துட்டு வந்திருக்கியே!" போனைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.

"வேண்டுதல் இல்லம்மா. அது நான்தான்."

"நீதான்னு தெரியாதா இன்னா? உங்க நைனாவுக்கு இந்த லட்சணம் ஏது?"

"எனுக்குப் பொடவ கட்டி வுட்டா மீசைய எங்க வெச்சிக்கிறது?" என்றபடி நைனா துலுக்காணம் போனை வாங்கி ஏதோ தட்டினார். "பொண்ணு வூட்டுக்கும் அனுப்பிட்டேன். பாக்கட்டும்."

பவன்குமார் எழுந்தவன் அப்படியே நின்றான்.

சற்று நேரத்தில் பெண்ணின் அப்பா கோவர்த்தனனின் குரல் போனில் வந்தது. "சாலா சந்தோஷம் சம்மந்தி! இந்தக் காலத்துல இவ்ளோ பக்தியா! பொண்ணும் பாத்துக்கினுதான் கீறா. நாளைக்கே தட்டு மாத்திக்கலாம்."

அம்மா உள்ளே போய்ப் புதுச் சட்டையோடு வந்தாள். "போட்டுப் பாருடா, அளவு சரியா கீதா?"

அவன் கழுத்துப் பொத்தான்வரை போட்டுக்கொண்டான்.

"அளவெடுத்துத் தெச்சாப்பல கீது" என்றாள் அம்மா.