மூன்றாவது காப்பு

ஆடித் தீமிதிக்கு அண்ணி ராஜம்மா மூன்றாவது வருஷமாகக் காப்புக் கட்டிக்கொண்டாள். ரங்கூனுக்குப் பிழைக்கப் போன என் அண்ணன் பரந்தாமன் உயிரோடு திரும்ப வேண்டும் என்பது வேண்டுதல். போன வருஷம் பாதம் கொப்பளித்து ஒரு மாதம் நொண்டினாள். இரண்டு வருஷமும் அவள் நெருப்பில் இறங்குவதைக் கூட்டத்தில் நின்று பார்த்தேன். அண்ணன் செத்தது எனக்குத் தெரியும்.

ரங்கூனில் குண்டு விழுந்ததும் நடந்தே ஊருக்குக் கிளம்பியவர்களில் அவனும் ஒருவன். வழியில் வாந்திபேதி. கூட நடந்தவர் கார்டு எழுதியிருந்தார். ஆவடி ஸ்டேஷன் பக்கத்தில் தபால்காரர் அதை என்னிடம் கொடுத்தபோது என் தலையில் பந்தலுக்கான கீற்றுக்கட்டு. என் கல்யாணத்துக்கு நான்கு நாள் இருந்தது. சொன்னால் தீட்டு. ஒரு வருஷம் தள்ளிப்போகும். பெண் வடிவின் வீட்டில் அதுவரை காத்திருக்க மாட்டார்கள். சாவுச்சேதி வந்த கார்டை வீட்டுக்குள் கொண்டுபோகக் கூடாது, கிழித்துவிட வேண்டும் என்பார்கள். கிழித்து ஏரியில் போட்டேன்.

எனக்கு நலங்கு வைக்க, சுமங்கலி என்று அண்ணியைத்தான் முதலில் கூப்பிட்டார்கள். கன்னத்தில் மஞ்சளை அப்பிவிட்டு, "மூஞ்சிய ஏன்டா இப்பிடி வச்சிகினு கீறே? பொண்ணு பயந்து ஓடிடப் போறா" என்றாள்.

அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தேன். இரண்டு வருஷம் ஓடிவிட்டது.

இந்தத் தடவை தீமிதிக்கு முதல் நாள் காலை, பழைய புண் தழும்பில் அவள் வேப்பெண்ணெய் தடவிக்கொண்டிருந்தபோது சொல்லிவிட்டேன். அழுவாள், அடிப்பாள் என்று நினைத்தேன். கார்டு எங்கே என்று கேட்டாள். கிழித்ததைச் சொன்னேன்.

"கிழிக்கணும்னு தெரிஞ்சிது. தலையில தண்ணி ஊத்திக்கணும்னு தெரியலையா?"

தெரியும். ஈரத்தலையோடு வீட்டுக்குப் போனால் யார் செத்தது என்று கேட்பார்கள். அதனால்தான் ஊற்றிக்கொள்ளவில்லை.

மணிக்கட்டுக் காப்பைப் பல்லால் கடித்து அறுத்தாள். கிணற்றில் ஒரு குடம் இறைத்து வந்து, என்னை உட்காரச் சொல்லித் தலையில் கவிழ்த்தாள். பிறகு இன்னொரு குடம்.

சத்தம் கேட்டு என் மனைவி வடிவு வெளியே வந்தாள். அறுந்து கிடந்த காப்பைப் பார்த்தாள்.

"இன்னாக்கா, யாரு செத்தது?"

"உன் புருசன் சொல்லுவான்" என்றாள் அண்ணி.

"அண்ணன்" என்றேன்.

"எப்போ?"

கண்ணில் இறங்கிய தண்ணீரைத் துடைக்கிற சாக்கில் முகத்தை மூடிக்கொண்டேன்.

"கைய எட்த்துட்டுச் சொல்லு" என்றாள் அண்ணி.