மந்திரிக்கு மருந்து

ஏழு மணிக்குள் மருந்தைக் கொடுத்துவிட்டு, ஏழேகாலுக்குப் பள்ளிப் பேருந்தை எடுக்க வேண்டும். ஓட்டுநர் குளியலறை வாசலில் சப்பணமிட்டு உட்கார்ந்திருந்தார். உள்ளே, வாளிக்குப் பின்னால், மந்திரி சுவரோடு தலையை ஒட்டிக்கொண்டு நின்றது.

பெயர் வைத்தது மனைவி. எதற்குக் கூப்பிட்டாலும் தலையைச் சாய்த்து யோசித்துவிட்டுத்தான் வருமாம், அதனால் மந்திரி. நாயே வேண்டாம் என்று சண்டை போட்டவர் இவர். கூப்பிடுவதும் 'ஏய்' என்பதோடு சரி. அதுவும் இவரைக் குடிவந்த ஆளைப் பார்ப்பதுபோலத்தான் பார்க்கும். மனைவி இறந்து ஐந்து மாதமாகிறது. அன்றிலிருந்து இரண்டு பேரும் ஆளுக்கொரு மூலையில் நாளைத் தள்ளிக்கொண்டிருந்தார்கள்.

போன வாரம் அது தட்டை முகர்ந்துவிட்டு விலகிப்போனபோது திமிர் என்றே நினைத்தார். மூன்றாம் நாள்தான், வாய் விரற்கடைக்கு மேல் திறக்கவில்லை என்பது கண்ணில் பட்டது.

"தாடைத் தசை வீங்கி இறுகிப்போச்சு சார்," என்றார் கால்நடை மருத்துவர். "மருந்தை விட்டுட்டா இப்படியே பூட்டிக்கும். ஆனா கையால பிளந்து மட்டும் திறக்காதீங்க. உயிர் போற வலி அதுக்கு."

"அப்ப எப்படிம்மா குடுக்கிறது?"

"மாத்திரையத் தண்ணில கரைச்சு, ஊசி இல்லாத சிரிஞ்சால உதட்டோரமா, கன்னத்துக்குள்ள விடுங்க. அவசரப்பட்டா புரையேறிடும்."

ஓட்டுநர் அவசரப்பட்டார். நேற்று மாலை, நான்காவது முறையும் அது முகத்தைத் திருப்பியபோது, பொறுமை போய்த் தாடையைப் பிடித்து இழுத்துவிட்டார். அது எழுப்பிய சத்தம் நாயின் குரல் மாதிரியே இல்லை. கடிக்கவில்லை. கடிக்க அதனால் முடியாது என்பது, சட்டையெல்லாம் மருந்து வழிய நின்றபோதுதான் அவருக்கு உறைத்தது.

இப்போது மணி ஏழு தாண்டிவிட்டது. அலுவலகத்துக்குப் போன் செய்தார்.

"இன்னைக்கு என் வண்டிக்கு வேற ஆளப் போடுங்க."

"உடம்புக்கு முடியலையாண்ணே?"

"எனக்கில்ல. வீட்ல ஒருத்தருக்கு."

"வீட்லயா?" என்ற மேற்பார்வையாளர், அதற்கு மேல் கேட்கவில்லை. இருபத்திரண்டு வருடத்தில் ஓட்டுநர் இப்படி லீவு கேட்டதில்லை. மனைவியை ஆஸ்பத்திரியில் சேர்த்தது மகள்தான். அன்றும் அவர் பள்ளிப் பிள்ளைகளையெல்லாம் இறக்கிவிட்டுத்தான் போனார்.

போனைத் தரையில் வைத்தார். தொண்டையைச் செருமிக்கொண்டு, "மந்திரி," என்றார். அந்த வீட்டில் பல மாதமாக யாரும் சொல்லாத சொல். ஒரு காது மட்டும் இவர் பக்கம் திரும்பியது.

என்ன பேசுவதென்று தெரியவில்லை. தெரிந்தது பேருந்துதான். மூன்றாவது நிறுத்தத்தில் ஏறும்போதே ஷூவைக் கழற்றிவிடும் பிள்ளையைப் பற்றிச் சொன்னார். பாலத்தடியில் தேங்கும் தண்ணீரைச் சொன்னார். "உங்கம்மாகிட்ட இதெல்லாம் சொன்னதே இல்ல, தெரியுமா? வந்ததும் சாப்பிட்டுப் படுத்துருவேன்." மந்திரி தலையைச் சாய்த்தது. வாளியைச் சுற்றி, நின்று நின்று வந்தது.

தாடையைத் தொடாமல் உதட்டோரத்தை மட்டும் விலக்கினார். ஒரு சொட்டு. அது விழுங்கும்வரை காத்திருந்து இன்னொரு சொட்டு. பாதி உள்ளே போயிருக்கும், பாதி அவர் கையில் வழிந்தது. சிரிஞ்ச் காலியான பிறகும் நாய் நகரவில்லை. கால் மரத்துப்போயும் அவர் நகரவில்லை.

இறுகிய பற்களுக்கு நடுவிலிருந்து நாக்கு நுனி மட்டும், நகத்தளவு, வெளியே வந்து, அவர் கட்டைவிரலில் நின்ற கசப்புச் சொட்டைத் தொட்டுவிட்டு உள்ளே போனது.