மூன்று வருஷமாகத் தெரிந்தவர்

இந்தக் காலத்து ஜனங்களுக்கு வாய்ச்சொல் கேட்கிற காது அடைத்துப்போய்விட்டது. பக்கத்து நிலத்துக்காரன் "மழை வரும்போல இருக்கு" என்றால் ஒருத்தனும் அண்ணாந்து பார்ப்பதில்லை. ரேடியோவில் சொன்னால் குடையைத் தேடுகிறான். காய்ச்சலில் கிடந்தவன் தனக்குக் காய்ச்சல் என்று சொன்னால் பொய். கழுத்தில் குழாய் மாட்டினவர் துண்டுக் காகிதத்தில் எழுதிக்கொடுத்தால் மெய். பெங்களூர் ஃபாக்டரிகளுக்கு வேலைக்குப் போகிறவர்களைக் கேட்டால் கதை கதையாகச் சொல்வார்கள். மூக்கண்டப்பள்ளி ராயப்பன் இதையெல்லாம் பத்து வருஷமாகச் சொல்லிக்கொண்டுதான் இருந்தார். யாரும் கேட்கவில்லை. அவர் கழுத்தில் குழாய் இல்லையே.

1968 ஆனி மாதம் அந்த வம்பு அவர் வீட்டுக்குள்ளேயே வந்து உட்கார்ந்தது. மகள் ஜெயசெல்விக்கு நர்ஸ் பயிற்சியில் இடம் கிடைத்திருந்தது. படிப்புச் சான்றிதழ், ஞானஸ்நானச் சீட்டு எல்லாம் அனுப்பியாயிற்று. பாக்கி ஒன்றே ஒன்று, நன்னடத்தைச் சான்றிதழ். அது சனிக்கிழமைக்குள் போய்ச் சேராவிட்டால் இடம் பட்டியலில் அடுத்த பெண்ணுக்குப் போய்விடும். அன்றைக்கு வியாழக்கிழமை. ஓசூரில் சாயங்காலம் நாலரை மணிக்குத் தபால் கட்டுவார்கள்.

ராயப்பன் சும்மா இருந்துவிடவில்லை. பத்து நாளைக்கு முன்பே பங்குச் சாமியாரிடம் போய் ஒரு பக்கம் நிறைய இங்கிலீஷில் எழுதி வாங்கி அனுப்பினார். அது போன வேகத்தில் திரும்பி வந்தது. கெஜட்டட் ஆபீசர்தான் கையெழுத்துப் போட வேண்டுமாம். அரசாங்கம் தன் கெஜட்டில் பெயரை அச்சடித்து வைத்திருக்கிற அதிகாரி. அவர், "இந்தப் பெண்ணை எனக்கு மூன்று வருஷத்துக்கு மேலாக நேரில் தெரியும்" என்று எழுத வேண்டுமாம். அவளுக்கு ஞானஸ்நானம் கொடுத்த சாமியாருக்குத் தெரிந்தது போதாதாம்.

பெரிய அதிகாரிகள் ஜமாபந்திக் கணக்குப் பார்க்கக் கிராமம் கிராமமாகப் போயிருந்தார்கள். ஆஸ்பத்திரி டாக்டரம்மா லீவில் ஊருக்குப் போயிருந்தார். இஞ்சினியர் ஒருவர் இருந்தார். வந்து ஆறு மாதம்கூட ஆகவில்லை என்று கைகூப்பி அனுப்பிவிட்டார். கடைசியில் மிஞ்சியவர் மாட்டு டாக்டர் சென்னகிருஷ்ணன். அவர் பெயர் போன வருஷம்தான் கெஜட்டில் வந்திருந்தது.

"மாடு பாக்கறவரு எம்பொண்ண நல்ல பொண்ணுன்னு எழுதணுமா?" என்று ராயப்பன் மாட்டாஸ்பத்திரி வாசலிலேயே ஆரம்பித்தார்.

அட்டெண்டர் கங்கப்பன் சிரித்தான். "உள்ள போங்க ராயப்பண்ணா. மனுசனுக்குப் பாக்கறவங்க பேசவிட்டுப் பாப்பாங்க. எங்க டாக்டரு பேசாமலே கண்டுபிடிப்பாரு."

டாக்டர் ஒரு எருமையின் வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தார். கையைக் கழுவிவிட்டு வந்து காகிதத்தை வாங்கி நிதானமாகப் படித்தார். படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார்.

"எனக்கு உங்க பொண்ணத் தெரியாதே பெரியவரே."

"எனக்குத் தெரியுங்க. பத்தொம்பது வருசமாப் பாத்துக்கினு இருக்கேன்."

"நீங்க அப்பா. அப்பா சொன்னா செல்லாது."

"பெத்தவன் சொன்னா செல்லாது, சாமியாரு சொன்னா செல்லாது. தெரியாதவங்க சொன்னாத்தான் செல்லுமா?"

"தெரியாதவன் சொல்லக்கூடாதுன்னுதான் நானும் சொல்றேன். மூணு வருஷமாத் தெரியும்னு போட்டிருக்கு. தெரியாம நான் எப்படிப் போடறது?"

கங்கப்பன் ராயப்பனைத் தூண் ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனான். "எல்லா ஆபீசருங்களும் கண்ண மூடிக்கினு போடறதுதாண்ணா. இவரு ஒருத்தருதான் இப்பிடி. வந்து மாட்டிக்கினீங்க."

ராயப்பனுக்கு எரிச்சல் தாங்கவில்லை. அதிகாரிகள் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடுகிறார்கள், பொய்க்கு முத்திரை குத்துகிறார்கள் என்று ஊரெல்லாம் திட்டித் திரிந்தவர் அவர். பொய் எழுதமாட்டேன் என்கிற ஒரு ஆளை வாழ்நாளில் முதல்தடவையாகப் பார்க்கிறார். பார்த்ததும் அவருக்கு வந்த கோபம் வேறு எந்த அதிகாரி மேலும் வந்ததில்லை.

"எங்களத் தெரியலன்னா போவுது. எங்க செவலைப் பசுவுமா தெரியல?" என்றார். "முள்கம்பியில வயிறு கிழிஞ்சி கெடந்திச்சே. நீங்கதானே சைக்கிள்ல வந்து தச்சிட்டுப் போனீங்க."

டாக்டர் நிமிர்ந்தார். "எப்போ?"

"போன வருசத்து எலெக்சனுக்கு ரெண்டு வருசம் முன்னால."

டாக்டர் விரல்விட்டுக் கணக்குப் போட்டார். மூன்று வருஷம் தாண்டிவிட்டது. ஆனாலும் தலையை ஆட்டினார். "ஒரு நாளைக்கு முப்பது மாடு பாக்கறேன். ஜனங்க எல்லாம் மாட்டுக்குப் பின்னால நிக்கறவங்க. மூஞ்சி ஞாபகம் இருக்கறதில்ல. ஆனா என் தையல் எனக்குத் தெரியும். மாட்டக் கூட்டிக்கிட்டு வாங்க. பொண்ணையும் கூட்டிக்கிட்டு வாங்க."

"மாட்டையா?"

"மாட்டைத்தான்."

மணி ஒன்றேகால். மூக்கண்டப்பள்ளிக்குப் போய் மாட்டை ஓட்டிக்கொண்டு திரும்ப வேண்டும். ராயப்பன் வழி நெடுக வாய் ஓயாமல் திட்டிக்கொண்டு போனார். ஜெயசெல்வி விஷயத்தைக் கேட்டதும் கட்டுத்தறியிலிருந்து பசுவை அவிழ்த்தாள்.

பெரிய ரோட்டில் பெங்களூர் லாரிகளுக்கு ஒதுங்கி ஒதுங்கி மூன்று பேரும் நடந்தார்கள். எதிரே வந்த நாராயணப்பன் சைக்கிளை நிறுத்தினார். அவர்கள் நிலத்துக்கு அடுத்த நிலம் அவருடையது.

"என்ன ராயப்பா, மாட்டுக்கு ஒடம்பு சரியில்லியா?"

"மாட்டுக்கு ஒண்ணுமில்ல. எம்பொண்ணு நல்லவளா கெட்டவளான்னு மாடு வந்து சொல்லணுமாம்."

நாராயணப்பன் ஒரு கணம் பசுவையே பார்த்தார். "அது சரி. பொய் சொல்லாது இல்ல" என்று மிதித்துக்கொண்டு போய்விட்டார்.

"அப்பா, அங்க வந்து வாய வெச்சிக்கினு சும்மா இருங்க" என்றாள் ஜெயசெல்வி. "இந்த எடம் போச்சின்னா அடுத்த வருசம் எனக்கு வயசு இருக்கும், வீட்ல பொறுமை இருக்காது. மாப்பிள்ள பாக்க ஆரம்பிச்சிடுவீங்க."

அவள் சொன்னது நிஜம்தான். அடுத்த வருஷம்வரை ஏன், தை மாதம்வரைகூட அவர் பொறுக்கமாட்டார்.

மாட்டாஸ்பத்திரிக்கு வந்தபோது மூன்றே கால். டாக்டர் பசுவின் இடது பக்கம் குனிந்து, விலாவுக்குக் கீழே ரோமத்தை விலக்கி, தழும்பின் மேல் விரலை மெதுவாக ஓட்டினார். தழும்பு ஒரு முழம் இருக்கும். ஓட்டிக்கொண்டே வந்தவர் கடைசி மூன்று தையலில் நின்றார்.

"இது என் தையல்தான். இந்தக் கடைசி மூணு மட்டும் நெருக்கமா இருக்கு பாருங்க. ஏன் தெரியுமா?" நிமிர்ந்து ஜெயசெல்வியைப் பார்த்தார். முகத்தில் கொஞ்சம் கொஞ்சமாகச் சிரிப்பு பரவியது. "அய்யோ ராமா! நீதானா அது?"

ஜெயசெல்வி தலையைக் குனிந்துகொண்டாள்.

"என்னங்க சங்கதி?" என்றார் ராயப்பன்.

"உங்களுக்குத் தெரியாதா? அன்னைக்கி நீங்க வீட்ல இல்லையே."

அன்றைக்கு அவர் கல்லாவிச் சந்தைக்குப் போயிருந்தார்.

"எனக்கு இன்னும் ரெண்டு கிராமம் போகணும். அவசரம். ஊசியத் தண்ணியில முக்கி எடுத்துத் தைக்க ஆரம்பிக்கறேன். இந்தப் பொண்ணு, அப்ப தாவணி கட்டிக்கிட்டு ஒல்லியா இருந்தா, மாட்டுத் தலையப் பிடிச்சிக்கிட்டே சொல்றா, 'தண்ணி இன்னும் கொதி வரல சார். கொதிச்சப்புறம் தைங்க.' நான் யாரு, டாக்டர். படிச்சவன். வாய மூடுன்னேன். மூடல. 'எங்க மாட்டுக்குச் சீழ் பிடிச்சா நீங்க வந்து படுத்துக்குவீங்களா'ன்னு கேட்டா. அடுப்புப் பக்கத்துல உக்காந்து கொதி வர்ற வரைக்கும் காத்துக்கிட்டு இருந்தேன். தச்சி முடிச்சதும் இங்க எடைவெளி அதிகமா இருக்குன்னு கடைசி மூணையும் பிரிச்சித் தைக்க வெச்சா."

கங்கப்பன் வாயில் துண்டை வைத்துக்கொண்டு திரும்பி நின்றான்.

ராயப்பன் மகளைப் பார்த்தார். "எங்கிட்ட சொல்லவே இல்லியே நீ."

"சொன்னா சர்க்கார் ஆபீசர எதுத்துப் பேசினியான்னு முதுகுல வெச்சிருப்பீங்க."

வைத்திருப்பார்தான். பத்தொன்பது வருஷமாகத் தெரியும் என்று மார்தட்டியவருக்கு, மாட்டு டாக்டர் ஒரே நாளில் தெரிந்துகொண்டது தெரியாமல் போயிருந்தது. அது அவருக்குக் கொஞ்சம் உறைத்தது. வெளியே காட்டிக்கொள்ளவில்லை.

டாக்டர் மேஜைக்குப் போய்ப் பேனாவைத் திறந்தார். காகிதத்தில் ஏற்கெனவே அச்சாகியிருந்த வாசகத்தில் பெயரை எழுதி, தேதி போட்டு, கையெழுத்துப் போட்டு, ஊதா மையில் முத்திரையை அழுத்திக் குத்தினார். ஊதிக் காயவைத்தார். ஜெயசெல்வி அதை இரண்டு கையாலும் வாங்கினாள். அவள் கண் நிறைந்திருந்தது. "நான் ஓடிப் போயித் தபால்ல சேத்துட்டு வந்துடறேன் அப்பா" என்று கிளம்பினாள்.

"நில்லு." ராயப்பன் டாக்டர் பக்கம் திரும்பினார். "இன்னா எழுதியிருக்குதுங்க அதுல?"

"மூன்று ஆண்டுகளுக்கு மேலாக நேரில் அறிவேன், நன்னடத்தை உள்ளவர்."

"அம்புட்டுதானா? தண்ணி கொதிக்கணும்னு ஒங்கள உக்கார வெச்சாளே. அத எழுதலியா?"

"அதுக்கெல்லாம் ஃபாரத்துல இடம் இல்ல பெரியவரே."

"ஊசியக் கொதிக்க வெக்கத் தெரிஞ்ச பொண்ணுன்னு எழுதினா நர்ஸ் வேலைக்கு ஆவாதா?"

"அப்பா! மணி நாலு ஆகப்போவுது!" என்று ஜெயசெல்வி கத்தினாள். அவர் கையை விசிறிப் போ என்றார். அவள் காகிதத்தை மார்போடு பிடித்துக்கொண்டு ஓடினாள்.

டாக்டர் சிரித்தார். "அதுல எழுதினா அவங்க ஃபாரத்தையே தள்ளிடுவாங்க. இது இருந்தாப் போதும். உங்க பொண்ணுக்கு இடம் நிச்சயம்."

"எடம் கெடைக்கட்டும். நான் வேணாங்கல." ராயப்பன் பசுவின் கயிற்றைக் கையில் சுற்றிக்கொண்டார். "நாளைக்கி அவ தப்புத்தண்டா பண்ணிட்டா, நீங்கதானே நல்லவன்னு எழுதுனீங்கன்னு ஒங்கள வந்து புடிப்பாங்களா?"

"என்னை எதுக்குப் பிடிக்கப் போறாங்க?"

"அப்ப இத எதுக்கு வாங்கறாங்க?"

டாக்டர் பேனாவை மூடினார். "ரூல் அப்படி" என்றார்.

"நல்லா இருக்குதுங்க ஒங்க ரூலு. நீங்க நல்ல மனுசன், அது வேற." ராயப்பன் கும்பிடு போட்டார். கங்கப்பன் டீ குடித்துவிட்டுப் போகச் சொன்னான், வேண்டாம் என்றார். பசுவை ஓட்டிக்கொண்டு கேட்டைத் தாண்டி, புழுதி ரோட்டில் மூக்கண்டப்பள்ளிப் பக்கம் திரும்பி நடந்தார். வழியிலிருந்த சின்னக் கொல்லைமேடு வரையில் அவர் தலை, இல்லை இல்லை என்று ஆடிக்கொண்டே போனது.