கம்பி மனிதன்

இறந்துகிடந்த அப்பாவின் காதுக்குப் பின்னால், நடிக்கப் பூசி ஒட்டியிருந்த வெள்ளைச் சாயம் வெந்நீருக்கும் போகவில்லை. கினு ஈரத்துணியை விரலில் சுற்றி மறுபடி தேய்த்தாள்.

"படத்த நிறுத்தச் சொல்லிட்டு வா," என்றார் பெரியப்பா கென்பாச்சி வாசலில் நின்றபடி. "செத்தவன் இங்க கெடக்கான். அசகுசா கொட்டகையில, தெரையில ஓடிக்கிட்டிருக்கான். உசுரு எந்தப் பக்கம்னு போகும்?"

"அது வெறும் நெழல், பெரியப்பா."

"அந்தப் படம் புடிக்கிற பெட்டி முன்னாடி நின்ன நாள்லேருந்துதான் அவனுக்கு இருமல். நிறுத்தாம நான் பாடைக்குத் தோள் குடுக்க மாட்டேன்."

கினு போனபோது அசகுசா கொட்டகை நிரம்பி வழிந்தது. பேசாப் படத்துக்குத் திரையோரம் நின்று கதை சொல்லும் ஷோகெட்சு, துக்க உடையில் அவளைப் பார்த்ததும் பேச்சை விட்டுவிட்டு இறங்கி வந்தார்.

"ஒரு வார்த்த சொல்லும்மா. மொதலாளி என்ன சொன்னாலும் நிறுத்திடுறேன்."

கினு திரையைப் பார்த்தாள். வீட்டில் ஒரு வாளித் தண்ணீர் தூக்க மூச்சிரைத்த அப்பா, அங்கே கூரைக்குக் கூரை தாவிக்கொண்டிருந்தார். தந்திக்கம்பத்தில் ஏறி, தொலைபேசிக் கம்பியை மணிக்கட்டில் சுற்றி, ஊருக்குள் மின்சாரச் சாவை அனுப்பினார். முன்வரிசையில் மீன் நாற்றத்தோடு இருந்த ஒரு பெண், "ஐயோ, போனை எடுக்காதடி!" என்று அலறி முகத்தை மூடிக்கொண்டாள். விரலிடுக்கு வழியே பார்த்தாள்.

"நிறுத்த வேணாம்," என்றாள் கினு. "பின்னாடி இருக்கறவங்களுக்குக் கேக்கல. கொஞ்சம் சத்தமாச் சொல்லுங்க."

வீடு திரும்பியபோது சவப்பெட்டியைத் தோளில் தூக்கும் தண்டில் கட்டி முடித்திருந்தார்கள்.

"நிறுத்தியாச்சா?"

"இல்ல. சாயங்காலமும் ஓடும்."

பெரியப்பா கையைக் கட்டிக்கொண்டார். பின்தண்டுக்குப் பக்கத்து வீட்டு தோஃபு வியாபாரி இருந்தார். முன்தண்டுக்கு ஆளில்லை. கினு உடுப்பின் ஓரத்தை இடுப்பில் செருகினாள்.

"பொம்பளப் புள்ள தூக்குறதா? ஊரு சிரிக்கும்டி."

"சிரிக்கட்டும். அவரப் பாத்துப் பயந்த ஊருதானே."

குனிந்து தோள் கொடுத்து எழுந்தாள். பிறகு நடந்தாள்.

கோயில் தெருவில் புதுத் தந்திக்கம்பங்கள் வரிசையாக நின்றன. பெரியப்பா தண்டைத் தொடவில்லை. ஆனால் கூடவே வந்தார், ஒவ்வொரு கம்பிக்கும் தலையைத் தாழ்த்திக்கொண்டு. பாலத்து ஏற்றத்தில் அவள் ஒரு கணம் தயங்கியபோது, கழுத்தில் கிடந்த துண்டை உருவி நான்காக மடித்து, தண்டுக்கும் அவள் தோளுக்கும் நடுவே செருகினார்.