சொந்த பில்லுக்கே கொக்கி

கணக்குப் பிரிவில் முப்பது வருடம் மருத்துவ பில்களைச் சரிபார்த்தவருக்கு அலுவலகம் வைத்த பெயர் கொக்கியார். எந்த பில் வந்தாலும் அதில் ஒரு கொக்கி போட்டுத் திருப்பி அனுப்பாவிட்டால் மனிதருக்குச் சாப்பாடு இறங்காது. மேலாளரின் பல் வைத்திய பில்லையே மூன்று முறை திருப்பியவர். அவர் ஓய்வு பெற்ற அன்று பாதிக் கட்டடம் பெருமூச்சு விட்டது. பாவம், அவர் அதைப் பிரிவுத் துயரம் என்று நினைத்துக்கொண்டார்.

இப்போது அவரே விண்ணப்பதாரர். மனைவியின் வலது கண்ணில் புரை எடுத்து லென்ஸ் வைத்தாகிவிட்டது. இடது கண் பாக்கி. கையிருப்பெல்லாம் முதல் கண்ணோடு கரைந்துவிட்டதால், அந்தப் பணம் திரும்பி வந்தால்தான் அடுத்த கண். விண்ணப்பிக்க மூன்று மாதக் கெடு. இன்று கடைசி நாள். இத்தனை தாமதத்துக்கும் அவரேதான் காரணம். பில்களைத் தேதிவாரியாக அடுக்கினார், பிறகு இனவாரியாக அடுக்கினார், மனசு கேட்காமல் மறுபடியும் தேதிக்கே போனார். டாக்டர் ஏதோ சீட்டு கொடுத்தாரே என்று மனைவி நடுவில் ஒருமுறை ஆரம்பித்தாள். பில் விஷயம் உனக்கென்ன தெரியும் என்று அவள் வாயை அடைத்துவிட்டார்.

கவுண்டரில் இருந்த பெண் அவருக்குப் பிறகு வேலைக்கு வந்தவள். தாள்களைப் புரட்டிக்கொண்டே வந்து மருத்துவமனையின் பெரிய பில்லில் நின்றாள்.

"சார், இது ஏற்கெனவே ரிஜெக்ட் ஆயிருக்கே. எங்க கொடுத்தீங்க?"

கொக்கியார் எட்டிப் பார்த்தார். பில்லின் ஓரத்தில் பளிச்சென்று சிவப்பு மை: 'லென்ஸ் விலை உச்சவரம்புக்கு மேல். மருத்துவரின் காரணச் சான்று இல்லை. திருப்புக.' கீழே சுருக்கொப்பம். சாட்சாத் அவருடையதுதான். நேற்று மத்தியானம், கடைசியாக ஒரு தடவை பார்த்துவிடலாம் என்று உட்கார்ந்தபோது, கை அதுபாட்டுக்குப் பழைய வேலையைப் பார்த்திருக்கிறது. எழுதியவருக்கே நினைவில்லை.

வேறு வழியில்லாமல் உண்மையைச் சொன்னார். மானம் கப்பலேறியது. அந்தப் பெண் சிரிப்பை அடக்கிக்கொண்டு விதிப் புத்தகத்தைப் புரட்டினாள். பிறகு அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

"நீங்க எழுதினது கரெக்ட்தான் சார். சான்று இல்லாம நான் வாங்க முடியாது. அஞ்சு மணிக்குள்ள கொண்டு வந்துடுங்க."

மணி நாலே முக்கால். மருத்துவமனை ஊரின் மறுகோடியில். கொக்கியார் சுவரோர நாற்காலியில் காத்திருந்த மனைவியிடம் போய், தலை நிமிராமல் நடந்ததைச் சொன்னார். உன் கண்ணை நானே கெடுத்துட்டேன் என்றும் சொன்னார்.

அவள் கைப்பையைத் திறந்து நாலாக மடித்த தாளை எடுத்து நீட்டினாள். இந்த நோயாளிக்கு இந்த லென்ஸ்தான் பொருந்தும் என்று டாக்டர் காரணத்தோடு எழுதி, கையெழுத்தும் முத்திரையும் வைத்திருந்தார். கொக்கியார் மூன்று முறை படித்தார். கொக்கி போட இடமே இல்லை.

"இதைத்தாங்க அன்னிக்கு சொல்ல வந்தேன்," என்றாள்.

கவுண்டர் பெண் சான்றைச் சேர்த்துக்கொண்டாள். ஆனால் சிவப்பு மையை அப்படியே விட்டால் மேலிடத்தில் கேள்வி வரும், எழுதியவரே பதிலும் எழுதிவிடட்டும் என்று பேனாவை நீட்டினாள். முப்பது வருடத்தில் ஆயிரக்கணக்கான ஆட்சேபணை எழுதிய கைக்கு இந்த வரி மட்டும் பழக்கமில்லை. கொஞ்ச நேரம் தயங்கிவிட்டு எழுதினார்: 'ஆட்சேபணை விலக்கிக்கொள்ளப்படுகிறது. சான்று முன்பே வீட்டில் இருந்தது. கேட்காதது என் தவறு.'

முத்திரை விழுந்தது. ரசீதும் கைக்கு வந்தது. மனைவி கவுண்டர் மேல் குனிந்து, கண்ணாடி இல்லாமல், புதுக் கண்ணால் அந்த வரிகளை எழுத்தெழுத்தாக, நிதானமாகப் படித்தாள். படித்துவிட்டு இன்னொரு தடவையும் படித்தாள்.

"ஏம்மா, இந்தப் பக்கத்தை மட்டும் எனக்கு ஒரு ஜெராக்ஸ் எடுத்துத் தர்றியா?"

எதற்கு என்று கேட்டாள் அந்தப் பெண்.

"வீட்டு ஃபைலுக்கும்மா."