மூன்றாம் கிராமத்து ஆட்கள்

கணினித் திரையில் மட்டுமே இருந்த ஓர் ஊரின் சனங்கள், நாற்பது குடும்பம், ஒரு செவ்வாய்க்கிழமை அஸர் தொழுகைக்குப் பிறகு தில்லையடிக்கு வந்து சேர்ந்து றுஷ்னாவின் வீட்டுக் குழாயடியில் வரிசையாக நின்றார்கள். ஆண், பெண், பிள்ளை எல்லோருக்கும் ஒரே பச்சை உடுப்பு. பயிற்சித் திரையில் பொதுமக்களைக் காட்டும் புள்ளிகளும் அதே பச்சைதான் என்பதால், பார்த்த உடனேயே அவளுக்கு ஆட்களைத் தெரிந்துவிட்டது. அவளுடைய கணவர் அர்கம் எட்டிப் பார்த்து, "இது உங்கட கந்தோர்ச் சனமா?" என்று கேட்டுவிட்டு தண்ணீர் மோட்டாரைப் போடப் போனார்.

கடற்களப்பின் ஓரத்தில் இருந்த இராணுவப் பயிற்சி முகாம்தான் அவளுடைய கந்தோர்; அங்கே அவள் மொழிபெயர்ப்பாளர். படைப்பிரிவு நடத்தப்போகிற அதிகாரிகளுக்கு அங்கே போர் பழக்குவார்கள். நிஜத்தில் ஒரு சிப்பாயும் நகரமாட்டான், ஒரு வெடியும் கேட்காது. மண்டபத்தில் பெரிய வரைபட மேசையைச் சுற்றி நின்று அதிகாரிகள் கட்டளையிட, அடுத்த அறைக் கணினி யார் செத்தார், எந்தப் பாலம் உடைந்தது, எவ்வளவு டீசல் மிச்சம் என்று சொல்லும். ஓய்வுபெற்ற கேணல் ஹல்பே மூலையில் கதிரை போட்டிருந்து மார்க்ஸ் போடுவார். போர் நடக்கும் இடத்துச் சனம் அத்தனையும் றுஷ்னா ஒருத்திதான். 'குடிக்கத் தண்ணீர் இல்லை', 'பிள்ளைக்குக் காய்ச்சல்', 'நாங்கள் யாரிடம் கேட்பது' என்று அவர்கள் சார்பில் மண்டபத்துக்குச் செய்தி தட்டி அனுப்புவாள். ஒன்றுக்கும் பதில் வராது. அந்தச் செவ்வாய்க்கிழமை காலை, பயிற்சிக்கு வந்திருந்த மேஜர் கொடிதுவக்கு, யுத்த டாங்கிகள் போவதற்காக மூன்றாம் கிராமத்தை இரண்டு மணித்தியாலத்துக்குள் வெறுமையாக்கச் சொன்னார். சனத்தை எங்கே அனுப்புவது என்று கேட்டதற்கு, "தெற்கே" என்றார். அந்த வரைபடம் தெற்கே புத்தளத்தோடு முடிகிறது. விளிம்பைத் தாண்டியவர்கள் அதற்கு அடுத்தாற்போல் இருக்கும் தில்லையடியில் நின்றுவிட்டார்கள். அதற்கு அப்பால் போகும்படி அவர்களுக்கு ஒருவரும் சொல்லியிருக்கவில்லை.

றுஷ்னா தட்டியனுப்பிய வசனங்களைத் தவிர அவர்களுக்கு வேறு கதை வராது. "குடிக்கத் தண்ணீர் இல்லை" என்று நிறுத்தி நிதானமாகச் சொல்வார்கள். குடித்து முடித்த பிறகும் அதையே சொல்வார்கள். "இதென்ன புள்ள, ரேடியோவில செய்தி வாசிக்கிற மாதிரி?" என்றார் அடுத்த வீட்டு ஹவ்வா ராத்தா. வடக்கிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றிய தொண்ணூறில் மன்னாரிலிருந்து கைக்குழந்தையோடு வள்ளத்தில் வந்திறங்கியவர் அவர். வந்தவர்கள் மெய்யா பொய்யா என்று விசாரித்துக்கொண்டிராமல் பெரிய சட்டியை அடுப்பில் ஏற்றினார். அவர்கள் சோறு தின்றார்கள், நன்றாகவே தின்றார்கள். பள்ளிவாசல்காரர்கள் அவர்கள் படுக்க மண்டபத்தைத் திறந்துவிட்டார்கள். கிராம உத்தியோகத்தர் வந்து, பிறந்த இடம் இல்லாதவர்களைப் பதிய முடியாது என்று சொல்லி, ஒரு பிளேன்டீ குடித்துவிட்டுப் போனார்.

அந்தப் பயிற்சியில் அதிகாரிகள் தேறவில்லை. டாங்கிகளுக்கு டீசல் போதாமல் போயிற்று. ஆகவே அடுத்த மாதம் திரும்பவும் முதலிலிருந்து நடத்தினார்கள். மூன்றாம் கிராமம் திரையில் மறுபடி நிரம்பியது, மறுபடி தெற்கே போயிற்று. மழைக்காலம் முடிவதற்குள் மூன்று முறை தோற்றார்கள், மூன்று முறையும் தில்லையடிக்கு ஆள் வந்தது. இறைத்து இறைத்துக் கிணறுகளில் உப்பு ஏறியது. றுஷ்னாவின் நிலைப்படியில் யாரோ எப்போதும் குந்தியிருந்து, நாங்கள் யாரிடம் கேட்பது என்றார்கள். தானே எழுதிய வசனம் அது என்பதே அவளுக்குப் பெரிய எரிச்சல்.

"சேர், நீங்க அனுப்பின ஆக்கள் எங்கட வீட்டு வளவில நிக்கிறாங்க" என்று அவள் மேஜரிடம் சிங்களத்தில் முறையிட்டாள். மேஜர் வரைபடத்தை ஒருதரம் பார்த்தார். "இங்க இல்லையே, மிஸ்." கேணல் ஹல்பேயோ, வரைபடத்துக்கு வெளியே நடப்பதற்குத் தான் மார்க்ஸ் போடுவதில்லை என்றார்.

"அப்ப உள்ளுக்குக் கொண்டு வாறன்" என்றாள் றுஷ்னா.

நான்காம் பயிற்சியன்று உப்பு ஏற்றும் லொறிகளில் எல்லோரையும் ஏற்றிக்கொண்டு வேலைக்குப் போனாள். காவலர்கள் லொறிகளை வாசலில் நிறுத்தினார்கள், இறங்கி நடந்தவர்களை மறிக்கவில்லை; உள்ளே வரும் வாகனங்களை மறிக்கச் சொல்லியிருந்தார்களே தவிர, பச்சை உடுப்புக்காரரை மறிக்கச் சொல்லவில்லை. மண்டபம் நிறைந்தது. அதிகாரிகளின் தேத்தண்ணீரைக் குடித்தார்கள், கதிரைகளில் குழந்தைகளை இருத்தினார்கள். மேஜர், இவர்கள் திட்டத்தில் இல்லை, வெளியே போகட்டும் என்று கத்தினார். அப்போது ஒரு பெண், மண்டபத்தில் துப்புரவான இடம் அது ஒன்றுதான் என்று கண்டு, தன் பிள்ளையை வரைபடத்தின் மேல் கிடத்தினாள். பிள்ளை டாங்கிகள் போகும் பாதைக்குக் குறுக்கே கிடந்தது. அதைத் தூக்கிவிடக் கை வைத்த மேஜர், கையை எடுக்கவில்லை. "சுடுதே" என்றார். பிறகு ரேடியோவை எடுத்துத் தண்ணீர் பவுசர் லொறிக்கும் டொக்டருக்கும் கூடாரத்துக்கும் ஒவ்வொன்றாகச் சொன்னார். பொழுது சாயும்வரை வேறு ஒரு கட்டளையும் அவர் கொடுக்கவில்லை. டாங்கிகள் நின்ற இடத்திலேயே நின்றன. கேணல் ஹல்பே முகத்தைச் சுளித்துக்கொண்டு, டீசல் மிச்சம், ஒருவரும் சாகவில்லை, தேறிவிட்டார்கள் என்றார்.

பயிற்சியில் தேறிவிட்டால் கணினியில் உள்ளதை எல்லாம் அழித்துவிடுவது முகாம் வழக்கம். "அழிச்சா இவங்க?" என்று மேஜர் தணிந்த குரலில் கேட்டார். றுஷ்னா அந்தத் தாயின் கையைப் பிடித்துக்கொண்டாள். இத்தனை மாதமாக எப்போது தொலைவார்கள் என்று திட்டியவள்தான் அவள். சட்டம் சட்டந்தான் என்றார் கேணல். பொத்தானை அழுத்தினார்கள். திரையில் எதிரி போனான், பாலங்கள் போயின, டாங்கிகள் போயின, மூன்றாம் கிராமம் இருந்த இடம் வெள்ளையானது. மேசையில் கிடந்த பிள்ளை இருமியது. "சளி கட்டியிருக்கு, சுடுதண்ணி தாங்கோ" என்றாள் தாய். றுஷ்னா ஒருநாளும் எழுதாத வசனம் அது.

லொறிகள் அவர்களைத் திரும்பத் தில்லையடிக்கே கொண்டுவந்தன. நாலைந்து தோய்ச்சலில் பச்சை வெளுத்து, ஆளுக்கொரு நிறமானது. சிலர் உப்பளத்துக்குப் போனார்கள், சிலர் பக்கத்து ஊரான கனமூலையில் தோட்டக் கூலிக்குப் போய் அங்கேயே கலியாணமும் முடித்தார்கள். கிராம உத்தியோகத்தர் கடைசியில் பிறந்த இடம் மூன்றாம் கிராமம் என்றே பதிந்தார்; மேலிடத்தில் ஒருவரும் அது எங்கே என்று கேட்கவில்லை.

இப்போது புதிதாகப் பயிற்சிக்கு வரும் அதிகாரிகள், முதல் கட்டளைக்கு முன்னால் ஒரு லெப்டினனை ஜீப்பில் தில்லையடிக்கு அனுப்புகிறார்கள். போன வாரம் வந்தவர் தொப்பியைக் கழற்றிக்கொண்டு, கொச்சைத் தமிழில், வரப்போகிற சனத்துக்கு வெறும் வீடு ஏதும் இருக்கிறதா என்று ஹவ்வா ராத்தாவிடம் கேட்டார்.

"இல்ல மகன். கிணத்துத் தண்ணியும் காணாது. நீங்க டாங்கிய மத்தப் பக்கத்தால கொண்டு போங்க."

அன்று திரையில் டாங்கிகள் மூன்றாம் கிராமத்தை விட்டுச் சதுப்பைச் சுற்றிக்கொண்டு போயின. தாமதத்துக்காகக் கேணல் ஹல்பே மார்க்ஸைக் குறைத்தார். தில்லையடிக்கு ஒருவரும் வரவில்லை.